பொங்கோல் ஐந்தறை வீட்டுக்கு எந்த மெஷ் வைஃபை வாங்கலாம்?

கேள்வி சுருக்கமாக இதுதான். சிங்கப்பூரின் பொங்கோலில், வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழகம்) முன்பதிவின் பேரில் கட்டிக்கொடுத்த பிடிஓ ஐந்தறை வீடு. ஃபைபர் வந்து முடியும் இடம் வாசல் பக்கம், டிபி பெட்டிக்கு (மின்சுவிட்சுகள் இருக்கும் பெட்டி) அருகில். மாஸ்டர் பெட்ரூம் வீட்டின் மறுகோடியில். அங்கே வைஃபை ஒரு கோடுதான் காட்டுகிறது. மகளுக்கு வீட்டிலிருந்தபடி பாடம் நடக்கும் நாளில் காணொளி உறைந்துவிடுகிறது, அப்பா தமிழ் சேனல் பார்க்கும் டிவி பெட்டி சுற்றிக்கொண்டே இருக்கிறது. இப்போதைய 1 ஜிகாபிட் இணையத் திட்டத்தின் இரண்டு வருட ஒப்பந்தம் முடியப்போகிறது. 10 ஜிகாபிட் திட்டத்துக்கு மாறி, கூடவே மூன்று பெட்டி கொண்ட வைஃபை 7 மெஷ் (பல பெட்டிகள் சேர்ந்து வீடு முழுக்கச் சிக்னல் தரும் அமைப்பு) வாங்கச் சொல்கிறார்களாம். வாங்கலாமா, எப்படிப் பொருத்துவது?

முதலில் நேரடியான பதில். உங்கள் வீட்டுக்கு இரண்டு பெட்டி போதும். இரண்டையும் சுவருக்குள் ஏற்கெனவே ஓடும் லேன் கேபிளால் இணையுங்கள். இப்போது இருக்கும் 1 ஜிகாபிட் திட்டமே தாராளம். ஏன் இப்படிச் சொல்கிறேன் என்பதை விவரமாக எழுதுகிறேன். காரணம் புரிந்துவிட்டால் கடையில் யார் என்ன சொன்னாலும் நீங்களே முடிவெடுத்துக்கொள்ளலாம்.

வேகக் கணக்கைப் பாருங்கள். நெட்ஃபிளிக்ஸ் 4கே படத்துக்கு அந்த நிறுவனம் பரிந்துரைப்பது விநாடிக்கு 15 மெகாபிட். ஜூமில் முழுத் தெளிவோடு ஒரு காணொளி அழைப்புக்கு 4 மெகாபிட்டுக்குள்தான் ஆகும். வீட்டில் எல்லோரும் ஒரே நேரத்தில் ஆளுக்கொன்று பார்த்தாலும் 100 மெகாபிட்டைத் தொடுவதே கஷ்டம். உங்களிடம் இருப்பது 1 ஜிகாபிட், அதாவது 1,000. அந்த ஆயிரமும் வாசல் வரை ஒழுங்காகத்தான் வந்து சேர்கிறது. அங்கிருந்து படுக்கையறைக்குப் போகும் வழியில்தான் காணாமல் போகிறது. 10 ஜிகாபிட்டுக்கு மாறினாலும் அதே வழியில்தான் அதுவும் போயாக வேண்டும்.

வழியில் என்ன இருக்கிறது? பெரும்பாலும் பாம் ஷெல்டர், அதாவது குண்டுவீச்சிலிருந்து தப்ப வீட்டுக்குள்ளேயே கட்டிய காப்பறை. 1997ல் குடிமைத் தற்காப்புக் காப்பறைச் சட்டம் வந்த பிறகு கட்டிய வீவக வீடுகளில் இது உண்டு. நெருக்கமாகக் கம்பி கட்டி ஊற்றிய தடித்த கான்கிரீட் சுவர், கனத்த இரும்புக் கதவு. சாதாரணத் தடுப்புச் சுவரைத் தாண்டும்போது சிக்னல் கொஞ்சம் தளரும், அவ்வளவுதான். பாம் ஷெல்டர் குறுக்கே நின்றால் அதன் பின்னால் நிழல் விழுந்த மாதிரி ஆகிவிடும். நம் வீடுகளில் அது வாசலுக்கும் சமையலறைக்கும் நடுவில் எங்கோ உட்கார்ந்திருப்பதால், ரௌட்டர் ஒரு பக்கம், அறைகள் மறுபக்கம் என்று பிரிந்துபோவது சகஜம். சிலர் ஸ்டோர்ரூமாகப் பயன்படுகிறதே என்று ரௌட்டரையும் அதற்குள்ளேயே வைத்துக் கதவைச் சாத்தியிருப்பார்கள். அப்படி இருந்தால் வேறு எதையும் யோசிக்கும் முன் அதை வெளியே எடுங்கள். பாதி வீட்டுக்குப் பிரச்சினை அதோடு தீர்ந்துவிடும். இன்னொன்று, ஷெல்டர் சுவரைத் துளைத்துக் கேபிள் கொண்டுபோக அனுமதி கிடையாது. கான்ட்ராக்டர் "சின்ன ஓட்டைதானே" என்று சொன்னாலும் விடாதீர்கள்.

இன்றைக்கே ஒரு சோதனை செய்யுங்கள், காசு செலவில்லை. ஆண்ட்ராய்டு போனில் வைஃபை அளக்கும் இலவசச் செயலி ஒன்றைப் போடுங்கள். அது டிபிஎம் என்ற அளவில் ஒரு எண் காட்டும். எண்ணுக்கு முன்னால் கழித்தல் குறி இருக்கும், பூஜ்யத்துக்கு எவ்வளவு பக்கத்தில் இருக்கிறதோ அவ்வளவு நல்லது. ரௌட்டருக்குப் பக்கத்தில் நின்றால் மைனஸ் 35, 40 என்று வரும். அப்படியே நடைபாதை வழியாக மெதுவாக நடந்து, ஒவ்வொரு அறை வாசலிலும் நின்று, கதவைச் சாத்திவிட்டும் பாருங்கள். மைனஸ் 67 வரை காணொளி அழைப்பு நன்றாக ஓடும். 75ஐத் தாண்டினால் உறையும். எந்த இடத்தில் எண் சட்டென்று விழுகிறது என்பதைத் தாளில் குறித்துக்கொள்ளுங்கள். உங்கள் வீட்டில் நடைபாதைத் திருப்பத்தில்தான் விழும் என்று நினைக்கிறேன். மெஷ் பெட்டி வைக்கும் இடத்தை முடிவு செய்ய அந்தக் குறிப்பு அப்புறம் உதவும்.

சரி, மெஷ் என்றால் என்ன செய்கிறது? ஒரே பெயர், ஒரே கடவுச்சொல்லோடு வீட்டில் இரண்டு மூன்று இடங்களிலிருந்து சிக்னல் கொடுக்கிறது. நீங்கள் நடக்க நடக்க போன் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு மாறிக்கொள்கிறது. இதுவரை எல்லா நிறுவனத்துப் பெட்டியும் ஏறக்குறைய ஒன்றுதான். வித்தியாசம் எல்லாம், இரண்டாவது பெட்டி முதல் பெட்டியோடு எப்படிப் பேசிக்கொள்கிறது என்பதில்தான். பேக்ஹால் என்பது அந்தப் பேச்சுவழி. கேபிள் இல்லாமல் வைஃபையாலேயே பேசிக்கொண்டால், இரண்டாவது பெட்டி ஒரே ரேடியோவில் முதலில் வாங்கி, பிறகு உங்கள் போனுக்குக் கொடுக்க வேண்டும். அதனால் வேகம் பாதியாகும். மூன்றாவது பெட்டி இரண்டாவதிடமிருந்து வாங்கிக் கொடுத்தால் அதிலும் பாதி. மூன்று அலைவரிசை உள்ள விலை கூடிய பெட்டிகள் ஒன்றைப் பேச்சுவழிக்கென்றே ஒதுக்கிவைப்பதால் இந்த இழப்பு குறையும். ஆனாலும் அந்த வழியும் அதே சுவரைத்தான் தாண்டியாக வேண்டும். கேபிள் இருந்தால் இந்தப் பேச்சே இல்லை. நடுத்தர விலைப் பெட்டியைக் கேபிளில் போட்டால், கேபிள் இல்லாத உயர்விலைப் பெட்டியை அது நிம்மதியாக ஓரங்கட்டிவிடும். பட்ஜெட்டில் முதல் பங்கு கேபிளுக்கு என்று நான் பிடிவாதமாகச் சொல்வது இதனால்தான்.

உங்களுக்கு அந்தச் செலவும் பெரும்பாலும் இல்லை. புதிய பிடிஓ வீடுகளில் ஹாலிலும் படுக்கையறைகளிலும் டேட்டா பாயிண்ட் வைத்தே கொடுக்கிறார்கள். கட்டில் தலைமாட்டிலோ டிவி சுவரிலோ, பிளக் பாயிண்டுக்குப் பக்கத்தில், லேன் கேபிள் செருகும் சதுர ஓட்டையுள்ள தட்டு இருக்கும். பல வீடுகளில் அலமாரி அதை மறைத்திருக்கும், நகர்த்திப் பாருங்கள். அந்தக் கேபிள்களின் மறுமுனை எல்லாம் ஃபைபர் வரும் இடத்துக்குப் பக்கத்தில், டிபி பெட்டி ஓரமாக, ஒன்றாக வந்து முடியும். கதவைத் திறந்தால் நாலைந்து கேபிள்கள் எதிலும் சேராமல் சும்மா தொங்கும். எது எந்த அறைக்கு என்று சீட்டு ஒட்டியிருந்தால் அதிர்ஷ்டம். இல்லாவிட்டால் மடிக்கணினியை அறையில் செருகிவிட்டு, இந்தப் பக்கம் ஒவ்வொன்றாக ரௌட்டரில் செருகி, எதில் விளக்கு எரிகிறது என்று பார்த்து நீங்களே சீட்டு ஒட்டிவிடுங்கள்.

இதைச் செய்யும்போதே மடிக்கணினி காட்டும் இணைப்பு வேகத்தையும் பாருங்கள். 1 ஜிகாபிட் என்று காட்டினால் நல்லது. 100 மெகாபிட் என்று காட்டினால் கேபிள் பழுது என்று உடனே முடிவுகட்டாதீர்கள். லேன் கேபிளுக்குள் எட்டுக் கம்பி, அதாவது நாலு ஜோடி. 100 மெகாபிட்டுக்கு இரண்டு ஜோடி போதும். ஜிகாபிட்டுக்கு நாலு ஜோடியும் வேண்டும். தட்டைக் கழற்றிப் பார்த்தால் எட்டில் ஒரு கம்பி சரியாக அழுந்தாமல் பள்ளத்திலிருந்து வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். பெரும்பாலும் அந்தப் பழுப்புக் கம்பியாகவோ நீலக் கம்பியாகவோ இருக்கும், ஏனென்றால் 100 மெகாபிட்டுக்கு அவை இரண்டும் தேவையே இல்லை, யாரும் கவனிக்காமல் விட்டிருப்பார்கள். பஞ்ச் டவுன் கருவியால் ஒரு அழுத்து அழுத்தினால் வேலை முடிந்தது. புதுப்பிப்பு வேலையின்போது தட்டைக் கழற்றி மாட்டிய வீடுகளில் இது அடிக்கடி காணப்படும் குறை. மெஷ் மேல் பழி போட்டுத் திருப்பிக் கொடுக்கப்போகிறவர்கள் முதலில் இதைப் பார்க்க வேண்டும்.

இனி எதை வாங்குவது. டிபி-லிங்க் டெக்கோ, ஏசஸ் ஜென்வைஃபை, நெட்கியர் ஆர்பி, லிங்சிஸ் வெலாப், ஈரோ என்று நிறைய இருக்கின்றன. உங்களைப் போல, அமைத்துவிட்டு மறந்துவிட நினைப்பவர்களுக்கு டெக்கோ வகை வசதி. சேனலையும் மற்றதையும் கையால் மாற்றிப் பார்க்கும் ஆர்வம் இருந்தால் ஏசஸ். பழைய ஏசஸ் ரௌட்டர் கையில் இருந்தால் ஏய்மெஷ் வழியாக அதையே இரண்டாவது பெட்டியாகச் சேர்த்துக்கொள்ளலாம், பல மாடல்களில் அந்த வசதி உண்டு. எதை எடுத்தாலும் பின்பக்கம் லேன் துளைகளை எண்ணிப் பாருங்கள். ஒவ்வொரு பெட்டியிலும் குறைந்தது இரண்டு வேண்டும், ஒன்றில் கேபிள் வரும், மற்றொன்றில் டிவி பெட்டி போகும். வடிவம் அழகாக இருக்கிறதே என்று ஒரே துளை உள்ள இரண்டாவது பெட்டியை வாங்கிவிடாதீர்கள்.

வைஃபை 6 போதுமா, 7 வேண்டுமா என்று யோசிப்பீர்கள். விலை வித்தியாசம் அதிகம் இல்லை என்றால் 7 எடுங்கள், தப்பில்லை. ஆனால் பெட்டி மேல் அச்சிட்ட எண்ணை நம்பி எடுக்க வேண்டாம். எல்லா அலைவரிசைகளின் உச்ச வேகத்தையும் கூட்டிப் போட்ட எண் அது, எந்த ஒரு போனுக்கும் அது கிடைக்காது. இன்றைய வைஃபை 6 போன், 80 மெகாஹெர்ட்ஸ் சேனல் அகலத்தில், இணைப்பு வேகமாகவே 1,200 மெகாபிட்தான் காட்டும், கையில் கிடைப்பது அதில் பாதிக்குச் சற்று மேல். வைஃபை 7ன் பெரிய விளம்பரம் 6 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையும் 320 மெகாஹெர்ட்ஸ் அகலமும். சிங்கப்பூரில் தகவல்தொடர்பு ஊடக மேம்பாட்டு ஆணையமான ஐஎம்டிஏ 2023ல் திறந்துவிட்டது 5,925 முதல் 6,425 வரையிலான 500 மெகாஹெர்ட்ஸ். அமெரிக்காவில் கிடைப்பதில் பாதிக்கும் குறைவு அது. 320 அகலச் சேனல் அதில் ஒன்றுக்குத்தான் இடம். ஐபோன் 16 வைஃபை 7 ஆக இருந்தாலும் 160க்கு மேல் போகாது. தவிர, 6 கிகாஹெர்ட்ஸ் அலை கான்கிரீட்டைத் தாண்டுவதில் 2.4, 5 கிகாஹெர்ட்ஸ் இரண்டையும்விடப் பலவீனம். ஒரே அறைக்குள் அருமையாக இருக்கும், அடுத்த அறையில் தேய்ந்துவிடும். உங்கள் பிரச்சினை அடுத்த அறைதானே.

10 ஜிகாபிட் திட்டத்தைப் பற்றி ஒரு வார்த்தை. நாடு முழுக்க அதற்கான வசதியை மேம்படுத்த அரசாங்கம் 2024ல் 100 மில்லியன் வெள்ளி வரை ஒதுக்குவதாக அறிவித்தது, நல்ல விஷயம். இன்றைக்கு அதை வீட்டுக்குள் உணர வேண்டுமானால் ரௌட்டரின் துளை, லேன் துளைகளைப் பெருக்கித் தரும் சுவிட்ச், கணினியின் துளை எல்லாமே 2.5 அல்லது 10 ஜிகாபிட்டாக இருக்க வேண்டும். ஜிகாபிட் துளையில் 940 மெகாபிட்டுக்கு மேல் வராது. பெரிய காணொளிக் கோப்புகளை ஏற்றி இறக்கும் வேலை வீட்டில் யாருக்காவது இருந்தால் எடுங்கள். அல்லது ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கும்போது விலை ஒன்றாகவே இருந்தால் எடுங்கள், கூடுதல் வேகத்தை யார் வேண்டாம் என்பது! படுக்கையறையில் சிக்னல் வரவில்லை என்பதற்காக மட்டும் எடுக்க வேண்டாம்.

வாங்கும்போது பெட்டியில் இணையப் பாதுகாப்பு முகவையின் நட்சத்திர முத்திரை இருக்கிறதா என்று பாருங்கள். 2020ல் தொடங்கிய திட்டம், நாலு நிலை. இங்கே விற்கும் வைஃபை ரௌட்டர்களுக்கு அது கட்டாயம். வெளிநாட்டு இணையக் கடையில் மலிவாகக் கிடைக்கிறதே என்று வாங்கினால் இந்த முத்திரையும் இருக்காது, அந்த நாட்டுச் சேனல்களோடு வந்து சேரும், உத்தரவாதமும் இங்கே செல்லாது.

பொருத்தும்போது பலரும் தடுமாறுவது ஒரே இடத்தில்தான். சேவை நிறுவனம் கொடுத்த பெட்டி ஃபைபரை லேனாக மாற்றித் தரும் வெறும் ஓஎன்டியா, அல்லது ரௌட்டரும் சேர்ந்த ஓஎன்ஆரா என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள். ஓஎன்டி என்றால் முதல் மெஷ் பெட்டியை அதில் நேராகச் செருகி ரௌட்டராகவே ஓடவிடலாம். சிங்டெல் ஓஎன்டி இணைப்பில் அப்படிச் செய்தால் விலான் எண் (ஒரே கேபிளில் இணையத்தையும் டிவியையும் பிரிக்கும் எண்) 10 கேட்கும், டிவி சேவைக்கு 20. பல மெஷ் செயலிகளில் ஐபிடிவி என்ற பகுதிக்குள் சிங்கப்பூர் நிறுவனங்களின் பெயரே பட்டியலில் இருக்கும், அதைத் தேர்ந்தெடுத்தால் எண்ணை நீங்கள் நிரப்பத் தேவையில்லை. ஓஎன்ஆர் என்றால் இரண்டு வழி. நிறுவனத்திடம் சொல்லி, அதன் ரௌட்டர் வேலையை நிறுத்தும் பிரிட்ஜ் முறைக்கு மாற்றச் சொல்லலாம். இல்லாவிட்டால் மெஷ்ஷை, ரௌட்டர் வேலை செய்யாமல் வைஃபை மட்டும் கொடுக்கும் ஆக்சஸ் பாயிண்ட் முறையில் போட்டுவிடலாம். இரண்டும் செய்யாமல் விட்டால் ரௌட்டருக்குப் பின்னால் ரௌட்டர் என்று ஆகி, விளையாட்டுகளிலும் அலுவலக விபிஎன்னிலும் விநோதமான தொல்லைகள் வரும். எது எளிது என்றால் ஆக்சஸ் பாயிண்ட் முறை. மெஷ் செயலியின் பெற்றோர் கட்டுப்பாடு போன்ற சில வசதிகள் அதில் போய்விடும். மகளின் திரை நேரத்தை நீங்கள் அதில்தான் கட்டுப்படுத்த நினைத்தால் பிரிட்ஜ் கேளுங்கள்.

மெஷ் ரௌட்டராக ஓடும்போது, அறைகளுக்குப் போகும் கேபிள்கள் எல்லாம் முதல் மெஷ் பெட்டியின் லேன் துளையிலிருந்துதான் கிளம்ப வேண்டும். துளை போதவில்லை என்றால் முதல் பெட்டிக்குப் பின்னால் ஒரு சாதாரண ஜிகாபிட் சுவிட்ச் வையுங்கள், மலிவுதான். ஓஎன்ஆரில் காலியாக இருக்கிறதே என்று படுக்கையறைக் கேபிளை அதில் செருகினால், இரண்டாவது பெட்டி முதல் பெட்டிக்கு முன்னால் போய் உட்கார்ந்த கதையாகும். செயலி இரண்டாவது பெட்டியைக் கண்டுபிடிக்காது, அல்லது கேபிள் இருந்தும் வைஃபையில்தான் பேசுவேன் என்று நிற்கும். பொருத்தி முடித்ததும் செயலியைத் திறந்து, இரண்டாவது பெட்டிக்கு நேராக ஈதர்நெட் என்று காட்டுகிறதா எனக் கட்டாயம் பாருங்கள்.

பழைய ரௌட்டரின் வைஃபையை அணைத்துவிடுங்கள், இல்லையென்றால் அதுவும் கூட நின்று சத்தம் போடும். புது மெஷ்ஷுக்குப் பழைய பெயரையும் பழைய கடவுச்சொல்லையுமே கொடுங்கள். அப்பா அம்மா போன், கேமரா, ரோபோ துடைப்பான் எல்லாம் எதுவும் கேட்காமல் தானே சேர்ந்துகொள்ளும். ஒரு விதிவிலக்கு: பழைய கடவுச்சொல் வீட்டு எண்ணும் தொலைபேசி எண்ணுமாக இருந்தால் இதுதான் மாற்றச் சரியான நேரம். பாதுகாப்பு முறையை டபிள்யூபிஏ2, டபிள்யூபிஏ3 கலந்த அமைப்பில் வையுங்கள். டபிள்யூபிஏ3 மட்டும் என்றால் பழைய கருவிகள் சில சேராது. கேமரா, விளக்கு மாதிரி சாமான்கள் பலவும் 2.4 கிகாஹெர்ட்ஸில் மட்டும் பேசும். அவற்றை விருந்தினர் வலையமைப்பிலோ, ஐஓடி வலையமைப்பு என்று இருந்தால் அதிலோ போட்டால் மற்ற கருவிகளிலிருந்து தள்ளியே இருக்கும்.

எங்கே வைப்பது? கேபிள் இருப்பதால் இரண்டாவது பெட்டியை மாஸ்டர் பெட்ரூம் டேட்டா பாயிண்டிலேயே வைக்கலாம். மகளின் அறை பக்கத்து அறை என்றால் அதற்கும் சேர்த்தே கிடைக்கும். கேபிள் இல்லாதவர்கள் செய்யும் பெரிய தவறு, சிக்னல் வராத அறைக்குள்ளேயே பெட்டியைக் கொண்டுபோய் வைப்பது. வாங்குவதற்கே சிக்னல் இல்லாத இடத்தில் அது எதைக் கொடுக்கும்? நீங்கள் குறித்துவைத்த தாளில் எண் விழுவதற்கு ஒரு எட்டு முன்னால், மைனஸ் 60க்குள் இருக்கும் இடத்தில், நடைபாதையில் வைக்க வேண்டும். இரண்டு வகைக்கும் பொதுவாக, டிவிக்குப் பின்னால், இரும்பு பீரோ மேல், முகம் பார்க்கும் கண்ணாடிக் கதவு போட்ட அலமாரிக்கு அருகில், மீன் தொட்டிக்குப் பக்கத்தில் வேண்டாம். கண்ணாடியின் பின்பூச்சு உலோகம், அலையைத் திருப்பி அனுப்பும். தண்ணீர் விழுங்கும். பூஜை அலமாரிக்குள் ஒளித்துவைத்த பெட்டிகளையும் பார்த்திருக்கிறேன், குத்துவிளக்கும் பித்தளைத் தட்டும் சுற்றி நின்றால் சிக்னல் எப்படி வெளியே வரும்? நெஞ்சு உயரத்துக்கு மேல், திறந்த இடத்தில் வையுங்கள்.

மூன்றாவது பெட்டி உங்களுக்கு வேண்டாம் என்று சொன்னது பணத்துக்காக மட்டும் இல்லை. பெட்டி கூடக் கூட ஒன்றோடொன்று மோதும். எந்தப் பெட்டியைப் பிடிப்பது என்று முடிவு செய்வது போன்தான், மெஷ் யோசனை மட்டுமே சொல்லும். ஹாலில் பிடித்த பெட்டியையே அறைக்குப் போன பிறகும் விடாமல் பிடித்துக்கொண்டிருக்கும் போன்கள் உண்டு. அப்படி இருந்தால் வைஃபையை அணைத்துப் போட்டுப் பாருங்கள். தினமும் அதுவே தொல்லை என்றால் செயலியில் பெட்டியின் சக்தியைக் குறைக்கும் வசதி இருக்கிறதா என்று தேடுங்கள், குறைத்தால் போன் சீக்கிரம் கைமாறும். இரண்டு மாடி மெசொனெட், இரண்டு வீட்டைச் சேர்த்த பழைய ஜம்போ வீடு என்றால் மூன்று பெட்டி நியாயம், அதில் ஒன்று மாடிப்படி அருகில்.

அடுக்குமாடியில் அண்டைவீட்டு வைஃபையும் கணக்கில் வரும். 2.4 கிகாஹெர்ட்ஸில் ஒன்றோடொன்று மோதாத சேனல் 1, 6, 11 மூன்றுதான், புளோக் முழுக்க அதைப் பங்குபோடுகிறது. 5 கிகாஹெர்ட்ஸில் இடம் அதிகம். ஆனால் 52 முதல் 144 வரை ரேடாரோடு பகிர்ந்துகொள்ளும் சேனல்கள். ரேடார் சத்தம் கேட்டால் ரௌட்டர் அந்தச் சேனலை விட்டு ஓட வேண்டும், அதே வகையில் புதிய சேனல் பிடித்தால் குறைந்தது 60 விநாடி காதுகொடுத்துக் கேட்ட பிறகுதான் பேசலாம். வைஃபை காரணமில்லாமல் திடீரென்று ஒரு நிமிடம் காணாமல் போய்த் திரும்பினால் இதைச் சந்தேகப்படுங்கள். 160 அகலத்தை 80 ஆக்கி, சேனலை 36 அல்லது 149ல் நிறுத்தினால் அமைதியாகிவிடும்.

டேட்டா பாயிண்ட் இல்லாத பழைய வீட்டுக்காரர்களும் இதைப் படிப்பார்கள் என்பதால் சுருக்கமாக. பாம் ஷெல்டர் இல்லாத பழைய மூவறை, நாலறை வீடுகளில் நல்ல ஒற்றை ரௌட்டரை வீட்டின் நடுவில் வைத்தாலே பெரும்பாலும் போதும், மெஷ்ஷே தேவைப்படாது. தேவைப்பட்டால் தட்டையான லேன் கேபிளைச் சுவரோரமாக ஓட்டி வெள்ளை டிரங்கிங் போட்டு மூடலாம். மெல்லிய ஒளிபுகும் ஃபைபரைக் கதவுச் சட்டத்தோடு ஒட்டிக் கொண்டுபோகிறவர்களும் இப்போது இருக்கிறார்கள், கண்ணுக்கே தெரியாது. வாடகை வீடு என்றால் துளை போடும் முன் வீட்டுக்காரரைக் கேளுங்கள். மின்கம்பி வழியாகப் போகும் பவர்லைன் அடாப்டர் கடைசி வழி. அதை மல்டிபிளக்கில் செருகாமல் சுவர்ப் பிளக்கிலேயே நேராகச் செருகினால்தான் உருப்படியாக ஓடும்.

கடைசியாக அப்பாவின் டிவி பெட்டி. அதற்கு வைஃபையே வேண்டாம். நகராத சாமான் எதுவாக இருந்தாலும் கேபிளில் போடுவதுதான் முறை. ஹாலில் டிவி சுவரிலேயே டேட்டா பாயிண்ட் இருக்கும், டிபி பெட்டிப் பக்கத்து மறுமுனையை முதல் மெஷ் பெட்டியிலோ சுவிட்சிலோ செருகிவிட்டு, டிவி பெட்டியின் அமைப்பில் வைஃபையை அணைத்துவிடுங்கள். சில பெட்டிகளில் கேபிள் செருகிய பிறகும் வைஃபையே ஓடிக்கொண்டிருக்கும். இதைப் புது மெஷ் வாங்கும் முன்பே, இப்போது இருக்கும் ரௌட்டரிலேயே செய்யலாம், தேவைப்படுவது இரண்டு சின்ன லேன் கேபிள்.